லாரி ஓட்டுநரின் தொடர் சிகிச்சையும் மருத்துவக் குறியீடும்: வாடிக்கையாளர்களுக்கான ஒரு பாடம்

மூளா, பவனா ஆகிய இரண்டு ஆறுகளை ஒட்டி, பிம்ப்ரி-சிஞ்ச்வட் மாநகராட்சியின் தென் எல்லையில் அமைந்த ஊர் சாங்வி. பழைய சாங்வி, புதிய சாங்வி என இரு பகுதிகளாக அறியப்படும் இவ்வூருக்கு மேற்கே சற்றுத் தொலைவில் தேசிய நெடுஞ்சாலை 48 செல்கிறது. தில்லியில் தொடங்கும் அச்சாலை மும்பை, புணே, கோலாப்பூர், பெளகாவி, பெங்களூரு, கிருஷ்ணகிரி வழியாகச் சென்னையை அடைகிறது. வடக்கே போசரி, சாக்கன் தொழிற்பேட்டைகள் உள்ளன. நாமக்கல்லிலும் சங்ககிரியிலும் பதிவு பெற்ற லாரிகள் இவ்வழியே சரக்கு ஏற்றவும் இறக்கவும் வருவது அன்றாடக் காட்சி. காசர்வாடியை அடுத்து, 1967-இல் நிறுவப்பட்ட மத்திய சாலைப் போக்குவரத்து நிறுவனம் உள்ளது. சாங்வி பாட்டாவை ஒட்டி ஔந்த் மாவட்ட மருத்துவமனையும், பிம்ப்ரியில் மாநகராட்சியின் யஷ்வந்த்ராவ் சவாண் நினைவு மருத்துவமனையும் உள்ளன.

சாலையும் மருத்துவமனையும் இவ்வாறு அருகருகே இருப்பதால், விபத்துக்குள்ளான ஓட்டுநருக்கு முதல் சிகிச்சை விரைவில் கிடைத்துவிடக்கூடும். அதற்குப் பின் வரும் மாதங்களிலேதான் இடர் தொடங்குகிறது. கட்டு மாற்றுதல், எக்ஸ்ரே எடுத்தல், முடநீக்குப் பயிற்சி, உள்ளே வைத்த உலோகத் தண்டை அகற்றுதல் ஆகியவை ஓராண்டு, சில வேளை இரண்டாண்டுகள் நீள்வன. அவை பெரும்பாலும் ஓட்டுநரின் சொந்த ஊரில், வேறொரு மருத்துவமனையில், வேறொரு மருத்துவரிடம் நடைபெறுவன. இந்தச் சிகிச்சையும் அந்த விபத்தின் விளைவே என்பதைத் தாளில் காட்டுவது எது? மருத்துவர் எழுதும் குறிப்பும், அதன்மேல் இடப்படும் மருத்துவக் குறியீடும்தாம். அக்குறியீட்டின் அமைப்பையும், அதனால் குடும்பத்தின் கைக்கு வரும் அல்லது வராமற்போகும் தொகையையும் இப்பாடத்தில் முறையாகக் காண்போம்.

குறியீடு என்பது யாது?

உலகெங்கும் நோய்களும் காயங்களும் பல மொழிகளில் பல பெயர்களால் எழுதப்படுகின்றன. அவற்றை ஒரே முறையில் எண்ணவும் ஒப்பிடவும் உருவானதே பன்னாட்டு நோய் வகைப்பாடு. சுருக்கமாக இதனை ஐ.சி.டி. என்பர். பிரெஞ்சுப் புள்ளியியலாளர் ழாக் பெர்ட்டியோன் 1893-இல் முன்வைத்த இறப்புக் காரணப் பட்டியலே இதன் வேர். 1948-இல் ஆறாம் திருத்தத்தின்போது இப்பொறுப்பை உலக சுகாதார நிறுவனம் ஏற்றது. பத்தாம் திருத்தம் 1990-இல் ஏற்கப்பட்டது. பதினோராம் திருத்தம் 2019-இல் ஏற்கப்பட்டு, 2022 ஜனவரி 1 முதல் நடைமுறைக்கு உரியதாயிற்று. எனினும் இந்தியாவின் காப்பீட்டுப் படிவங்கள் இன்றும் பத்தாம் திருத்தத்தின் குறியீட்டையே கேட்கின்றன.

அமெரிக்கா இதே பத்தாம் திருத்தத்தை விரிவாக்கித் தனக்கென ஒரு பதிப்பை அமைத்து, 2015 அக்டோபர் 1 முதல் பயன்படுத்தி வருகிறது. சென்னை, கோவை, திருச்சி, புணே நகரங்களில் மெடிக்கல் கோடிங் பணியில் சேரும் இளைஞர்கள் பெரும்பாலும் கற்பது இந்த அமெரிக்கப் பதிப்பையே. இரண்டுக்கும் அடிப்படை ஒன்று. தொடர் சிகிச்சையைக் குறிக்கும் முறைதான் வேறு. ஆகவே இரண்டையும் அருகருகே வைத்துப் பார்ப்பது பயன் தரும்.

காயத்துக்கு ஒன்று, காரணத்துக்கு ஒன்று

விபத்தில் அடிபட்ட ஒருவருக்குக் குறைந்தது இரண்டு குறியீடுகள் தேவை. உடலுக்கு நேர்ந்தது என்ன என்பதை முதலாவது கூறும். அது எவ்வாறு நேர்ந்தது என்பதை இரண்டாவது கூறும்.

காயங்களுக்கு எஸ் என்ற எழுத்தில் தொடங்கும் குறியீடுகள் உள்ளன. எஸ் 72 என்பது தொடை எலும்பு முறிவு, எஸ் 72.3 என்பது அவ்வெலும்பின் நடுத்தண்டில் ஏற்பட்ட முறிவு. எஸ் 82 என்பது முழங்காலுக்குக் கீழ், கணுக்கால் உட்பட ஏற்படும் முறிவு.

போக்குவரத்து விபத்துகளுக்கு வி என்ற எழுத்து. அதனுள் வி 60 முதல் வி 69 வரை உள்ள பத்துப் பிரிவுகளும் கனரகச் சரக்கு வாகனத்துக்குள் இருந்தவர்களுக்கு உரியவை. லாரி எதன்மேல் மோதியது என்பதைப் பொறுத்து இறுதி இலக்கம் மாறும். பாதசாரி அல்லது விலங்கு எனில் வி 60. இருசக்கர அல்லது மூன்று சக்கர மோட்டார் வாகனம் எனில் வி 62. கார் அல்லது வேன் எனில் வி 63. மற்றொரு லாரி அல்லது பேருந்து எனில் வி 64. தொடர்வண்டி எனில் வி 65. பாலத்தூண் போன்ற அசையாப் பொருள் எனில் வி 67. எதன்மீதும் மோதாமல் கவிழ்ந்தது எனில் வி 68.

புள்ளிக்குப் பின் வரும் இலக்கம், அடிபட்டவர் அவ்வாகனத்தில் யாராக இருந்தார் என்பதைச் சொல்கிறது. பொதுச்சாலையில் நிகழ்ந்த விபத்தில் ஓட்டுநர் எனில் 5. பயணி எனில் 6. தொழிற்சாலை வளாகம் போன்ற சாலையல்லாத இடத்தில் நேர்ந்தது எனில் ஓட்டுநருக்கு 0. வண்டியில் ஏறும்போதோ இறங்கும்போதோ நேர்ந்தது எனில் 4. ஆகவே வி 64.5 என்று எழுதினால், 'லாரி ஓட்டுநர், பொதுச்சாலையில், மற்றொரு கனரக வாகனத்துடன் ஏற்பட்ட மோதலில் காயமுற்றார்' என்ற முழு வாக்கியமும் அந்த ஒரு சொல்லில் அடங்கிவிடுகிறது. கிளீனர் இருக்கையில் இருந்தவருக்கு அதுவே வி 64.6 ஆகும். ஓர் இலக்கம் மாறினால் ஆளே மாறிவிடுகிறார்.

வருமானத்துக்கான பணியில் இருந்தபோது நேர்ந்த காயம் என்பதைக் காட்ட உலகப் பதிப்பில் 2 என்ற செயல் இலக்கம் உண்டு. அமெரிக்கப் பதிப்பில் ஒய் 99.0 என்ற தனிக் குறியீடு உண்டு. ஓட்டுநருக்கு இது முதன்மையான செய்தி. விபத்தின்போது அவர் பணியில் இருந்தார் என்பதற்கு மருத்துவப் பதிவிலேயே ஒரு சான்று கிடைக்கிறது.

தொடர் சிகிச்சையின் இலக்கணம்

அமெரிக்கப் பதிப்பில் காயக் குறியீட்டின் ஏழாம் எழுத்தே தொடர் சிகிச்சையின் திறவுகோல். காயத்துக்கு நேரடிச் சிகிச்சை நடைபெறும் வரை ஏ. குணமாகும் காலத்துச் சிகிச்சைக்கு டி. காயம் விட்டுச்சென்ற பின்விளைவுக்கு எஸ். கற்போர் பலரும் இடறும் இடம் ஒன்று உண்டு. ஏ என்பது முதல் வருகையைக் குறிப்பதன்று. அறுவைச் சிகிச்சை போன்ற நேரடிச் சிகிச்சை நடக்கும் ஒவ்வொரு வருகைக்கும் ஏ பொருந்தும். எலும்பு முறிவுக்கு இவ்வெழுத்துகள் மேலும் விரிகின்றன. மூடிய முறிவு வழக்கம்போல் கூடி வந்தால் டி, கூடுவது தாமதமானால் ஜி, கூடாமலே நின்றுவிட்டால் கே, கோணலாகக் கூடிவிட்டால் பி.

இன்னொரு விதியும் நினைவிற் கொள்ளத்தக்கது. பொதுவான பின்பராமரிப்புக்கென இசட் என்ற எழுத்தில் குறியீடுகள் இருப்பினும், காயத்தின் பின்பராமரிப்புக்கு அமெரிக்கப் பதிப்பில் அவற்றை இடலாகாது. அதே காயக் குறியீட்டையே எழுதி ஏழாம் எழுத்தை மட்டும் மாற்ற வேண்டும். இதனால் முதல் நாள் முதல் இறுதி நாள் வரை ஒரே காயக் குறியீடு நூல்போல ஓடுகிறது.

நம் நாட்டில் வழங்கும் உலகப் பதிப்பில் ஏழாம் எழுத்து இல்லை. முறிவுச் சிகிச்சைக்குப் பின்னர் நடக்கும் பரிசோதனைக்கு இசட் 09.4, முடநீக்குப் பயிற்சிக்கு இசட் 50.1, பிளேட், தண்டு முதலியவற்றை அகற்றுவதற்கு இசட் 47.0 எனத் தனித்தனிக் குறியீடுகள் வருகின்றன. பின்விளைவு எனில் தொடை எலும்பு முறிவுக்கு டி 93.1, மோட்டார் வாகன விபத்தின் பின்விளைவு என்ற காரணத்துக்கு ஒய் 85.0. காயம் நேர்ந்து ஓராண்டோ அதற்கு மேலோ கழிந்த பின்னும் நீடிக்கும் குறையை உலகப் பதிப்பு பின்விளைவாகக் கொள்கிறது. அமெரிக்கப் பதிப்பில் இக்கால வரையறை இல்லை.

இங்கே ஓர் இடர் புலனாகும். உலகப் பதிப்பில் இசட் 47.0 என்பது தனியே நின்றால், 'உலோகத் தண்டு அகற்றப்பட்டது' என்பதை மட்டுமே சொல்லும். எந்த விபத்தில் வைத்த தண்டு, எப்போது, ஏன் என்பதைச் சொல்லாது. நூல் அங்கே அறுந்துவிடுகிறது. அதைக் கட்டுவது மருத்துவர் எழுதும் ஒரு வரியே.

ஓர் எடுத்துக்காட்டு

நாமக்கல் மாவட்டத்தைச் சேர்ந்த 42 வயது ஓட்டுநர் ஒருவர், சாக்கனில் சரக்கு இறக்கித் திரும்புகிறார் எனக் கொள்வோம். வாகட் அருகே நெடுஞ்சாலையில், தடுப்பைத் தாண்டி வந்த கண்டெய்னர் லாரி மோதுகிறது. வலது தொடை எலும்பின் நடுத்தண்டு குறுக்காக முறிந்து விலகிவிடுகிறது; தோல் கிழியவில்லை. மருத்துவமனையில் அறுவைச் சிகிச்சை செய்து உலோகத் தண்டு பொருத்துகிறார்கள். பத்தாம் நாள் ஊர் திரும்புகிறார்.

முதற்கட்டம், மருத்துவமனையில் இருந்த நாள்கள். உலகப் பதிப்பில் எஸ் 72.3, உடன் வி 64.5. அமெரிக்கப் பதிப்பில் எஸ் 72.321 ஏ, உடன் வி 64.5 எக்ஸ்எக்ஸ்ஏ. இடையில் வரும் இரண்டு எக்ஸ்களுக்குப் பொருள் இல்லை. ஏழாம் எழுத்து ஏழாம் இடத்திலேயே நிற்க வேண்டும் என்பதற்காக வெற்றிடத்தை நிரப்புவன அவை. 72.321 என்பதன் இறுதி 1, வலது காலைக் குறிக்கிறது.

இரண்டாம் கட்டம், ஆறாம் வாரம், நாமக்கல்லில் எக்ஸ்ரே. உலகப் பதிப்பில் இசட் 09.4. அமெரிக்கப் பதிப்பில் எஸ் 72.321 டி, உடன் வி 64.5 எக்ஸ்எக்ஸ்டி.

மூன்றாம் கட்டம், ஐந்தாம் மாதம். எலும்பு கூடுவது தாமதமாகிறது என்று மருத்துவர் காண்கிறார். அமெரிக்கப் பதிப்பில் டி என்பது ஜி ஆகிறது. உலகப் பதிப்பில் எலும்பு தாமதமாகக் கூடுவதற்கு எம் 84.2 என்ற குறியீடு உண்டு. இந்த ஒரு மாற்றம், ஓட்டுநர் மேலும் சில மாதங்கள் வேலைக்குத் திரும்ப இயலாமைக்கு மருத்துவக் காரணம் ஆகிறது.

நான்காம் கட்டம், பதினெட்டாம் மாதம். தண்டு அகற்றப்படுகிறது, முழங்கால் முழுமையாக மடங்கவில்லை. உலகப் பதிப்பில் தண்டு அகற்றலுக்கு இசட் 47.0, மூட்டு விறைப்புக்கு எம் 25.6, அது எதனால் வந்தது என்பதற்கு டி 93.1, விபத்தின் பின்விளைவு என்பதற்கு ஒய் 85.0. அமெரிக்கப் பதிப்பில் வலது முழங்கால் விறைப்பு எம் 25.661 முதலில் வரும், எஸ் 72.321 எஸ் அதன்பின் வரும். குறை முன்னே, காரணம் பின்னே என்பது வரிசை.

உடற்காயத்தோடு மனக்காயமும் உண்டு. சக்கரத்தின் முன் அமர்ந்ததும் கை நடுங்குதல், இரவில் மோதற்காட்சி திரும்பத் திரும்ப வருதல் ஆகியவற்றை மருத்துவர் விபத்துக்குப் பின்னான மன அதிர்ச்சி நோய் என்று உறுதிசெய்தால் அதற்கு எஃப் 43.1 என்ற குறியீடு உண்டு. ஓட்டுநர் இதைச் சொல்லக் கூச்சப்படுவதுண்டு. சொல்லாதது எழுதப்படுவதில்லை, எழுதப்படாதது குறியிடப்படுவதுமில்லை.

பணம் எங்கெங்கே இதைச் சார்ந்துள்ளது?

சாலை விபத்துகள் பற்றிய மத்திய அரசின் அறிக்கை, 2022-ஆம் ஆண்டில் நாடெங்கும் 4,61,312 விபத்துகளில் 1,68,491 பேர் உயிரிழந்ததாகவும் 4,43,366 பேர் காயமுற்றதாகவும் பதிவு செய்தது. அதே ஆண்டு நவம்பர் 20 மாலை, புணேயின் காத்ரஜ் சுரங்கத்திலிருந்து இறங்கும் சரிவில், நவலே பாலம் அருகே கனரக வாகனம் ஒன்று கட்டுப்பாடிழந்து மோதியதில் பல வண்டிகள் அடுத்தடுத்துச் சிதைந்தன. இத்தகைய நிகழ்வுகளில் காயமுற்றோருக்கு உதவ ஏற்பாடுகள் பல உள்ளன. ஒவ்வொன்றுக்கும் ஒரு காலவரம்பு உண்டு.

முதலாவது, மத்திய அரசு 2025 மே மாதம் அறிவித்த சாலை விபத்தில் பாதிக்கப்பட்டோருக்கான ரொக்கமில்லாச் சிகிச்சைத் திட்டம். விபத்து நாள் முதல் ஏழு நாள்கள் வரை, ஒருவருக்கு ரூ.1.5 லட்சம் வரையிலான சிகிச்சைக்கு இது உதவுகிறது. தமிழ்நாட்டில் 2021 டிசம்பர் 18 அன்று தொடங்கப்பட்ட 'இன்னுயிர் காப்போம் நம்மைக் காக்கும் 48' திட்டம் முதல் 48 மணி நேரத்துக்கு உரியது. உயிரைக் காக்கும் இவ்வேற்பாடுகள் பெரிதும் போற்றத்தக்கவை. ஆயினும் எட்டாம் நாள் முதல் வருபவை, அதாவது நாம் மேலே கண்ட இரண்டாம், மூன்றாம், நான்காம் கட்டங்கள், இவற்றின் எல்லைக்கு வெளியே நிற்கின்றன.

இரண்டாவது, மருத்துவக் காப்பீடு. ஆரோக்கிய சஞ்சீவனி எனப்படும் பொதுநிலைக் காப்பீட்டில், மருத்துவமனையில் சேர்வதற்கு முந்தைய 30 நாள்களும் வெளியேறிய பின் 60 நாள்களும் அடங்கும். அந்த 60 நாள் செலவைப் பெற, அது சேர்க்கைக்குக் காரணமான அதே நோய்க்கோ காயத்துக்கோ உரியது என்பது விளங்க வேண்டும். உரிமைக்கோரல் படிவத்தின் இரண்டாம் பகுதியை மருத்துவமனை நிரப்புகிறது. முதன்மை நோயறிதல், கூடுதல் நோயறிதல், உடன் நோய்கள் ஆகியவற்றின் ஐ.சி.டி. குறியீடுகளும், காயம் எனில் சாலை விபத்தா, மருத்துவச் சட்ட வழக்கா, காவல் நிலையத்தில் பதியப்பட்டதா என்னும் வினாக்களும் அதில் உள்ளன. குறியீடு ஒன்றும் இந்த விடைகள் வேறொன்றும் சொன்னால், கோரிக்கை மேலும் விளக்கம் கேட்டுத் திரும்பிவிடும்.

மூன்றாவது, மோட்டார் வாகனச் சட்டம், 1988. அதன் 166-ஆம் பிரிவின்படி மோட்டார் வாகன விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயத்தை அணுகலாம். 2019-ஆம் ஆண்டுத் திருத்தம், விபத்து நடந்து ஆறு மாதங்களுக்குள் மனுச் செய்ய வேண்டும் என்று வகுத்துள்ளது. ஆகவே காலந்தாழ்த்துதல் கூடாது. விபத்து புணேயில் நடந்திருந்தாலும், மனுதாரர் வசிக்கும் இடத்தின் தீர்ப்பாயத்திலேயே மனுச் செய்யச் சட்டம் இடமளிக்கிறது. காவல் துறை 48 மணி நேரத்துக்குள் முதல் விபத்து அறிக்கையையும், 90 நாள்களுக்குள் விரிவான விபத்து அறிக்கையையும் தீர்ப்பாயத்துக்கு அனுப்ப வேண்டும் என்பது 2022 ஏப்ரல் முதல் நடைமுறையில் உள்ள விதி.

தீர்ப்பாயம் இழப்பை எவ்வாறு கணிக்கிறது? ராஜ்குமார் எதிர் அஜய்குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2010 அக்டோபரில் வழங்கிய தீர்ப்பு இதற்கு வழிகாட்டி. உடற்குறையின் விழுக்காடும் வருமான இழப்பின் விழுக்காடும் ஒன்றல்ல என்று அத்தீர்ப்பு தெளிவுபடுத்தியது. இடக்கையை இழந்த ஒருவர் ஓட்டுநராகவோ தச்சராகவோ இருந்தால் அவரது வருவாய்த் திறன் ஏறக்குறைய முழுமையும் அழியும். அரசு அலுவலக எழுத்தராக இருந்தால் அவர் வேலையில் நீடிக்கக்கூடும் என்று அது எடுத்துக்காட்டியது. எதிர்கால மருத்துவச் செலவும் இழப்பீட்டின் ஒரு தலைப்பே என்றும் அத்தீர்ப்பு வகைப்படுத்தியது.

நம் எடுத்துக்காட்டு ஓட்டுநரின் மாத வருமானம் ரூ.20,000 எனக் கொள்வோம். ஆண்டு வருமானம் ரூ.2,40,000. 41 முதல் 45 வயது வரையினருக்குப் பெருக்கு எண் 14. முழு இழப்பு எனில் ரூ.33,60,000. வருவாய்த் திறன் இழப்பு 10 விழுக்காடு எனில் ரூ.3,36,000, 30 விழுக்காடு எனில் ரூ.10,08,000. எதிர்கால வருமான உயர்வுக்கான கூடுதலை இங்கே நாம் சேர்க்கவில்லை. மடங்காத வலது முழங்காலோடு பிரேக்கை மிதிக்க இயலுமா என்பதே 10-க்கும் 30-க்கும் இடையிலான வினா. அதற்கு விடை தருவது மருத்துவரின் சாட்சியமும் தொடர் சிகிச்சைப் பதிவுகளுமே. குறியீடு மட்டும் தீர்ப்பை எழுதுவதில்லை. ஆனால் பதினெட்டு மாதப் பதிவுகளை ஒரே விபத்தோடு கட்டிவைக்கும் கயிறு அதுவே.

நான்காவது, பணியாளர் இழப்பீடு. விபத்து ஓட்டுநரின் தவற்றாலேயே நேர்ந்திருந்தாலும், பணியின்போது நேர்ந்த காயத்துக்கு இழப்பீடு பெற வழியுண்டு. 1923-ஆம் ஆண்டுச் சட்டத்தில் தோன்றிய இவ்வுரிமை, சமூகப் பாதுகாப்புத் தொகுப்புச் சட்டம், 2020-இலும் இடம்பெற்றுள்ளது. வாகனத்தின் கட்டாயக் காப்பீடு, சம்பளத்துக்கு ஓட்டும் ஓட்டுநர் குறித்த இப்பொறுப்பையும் உள்ளடக்குகிறது. ஆனால் மோட்டார் வாகனச் சட்டம், பணியாளர் இழப்பீடு ஆகிய இரண்டில் ஒன்றையே தேர்ந்தெடுக்கலாம்.

ஐந்தாவது, நம் வங்கிக் கணக்கோடு இணைந்த பிரதம மந்திரி சுரக்ஷா பீமா யோஜனா. 18 முதல் 70 வயது வரை உள்ளோர் ஆண்டுக்கு ரூ.20 செலுத்திச் சேரலாம். விபத்து மரணம் அல்லது முழு நிரந்தர ஊனத்துக்கு ரூ.2 லட்சம், ஒரு கண்ணின் பார்வையையோ, ஒரு கை அல்லது ஒரு காலின் பயன்பாட்டையோ மீளா வகையில் இழந்தால் ரூ.1 லட்சம். இது மருத்துவமனைச் செலவை ஈடுசெய்யும் திட்டமன்று. சொந்தமாக லாரி வைத்து ஓட்டுபவருக்கு ரூ.15 லட்சத்துக்கான கட்டாயத் தனிநபர் விபத்துக் காப்பு தனியே உண்டு.

வழக்கமாக நேரும் பிழைகள்

பக்கம் மாறுதல் முதற்பிழை. முதல் மருத்துவமனை வலது கால் என்று எழுத, இரண்டாம் மருத்துவமனை கவனக்குறைவால் இடது கால் என்று எழுதினால், இரண்டும் வேறு காயங்கள் ஆகிவிடும்.

ஓட்டுநர், பயணி மாறுதல் இரண்டாம் பிழை. பணியாளர் இழப்பீட்டில் இது பெருங்குழப்பம் விளைக்கும்.

காரணத்தை விட்டுவிடுதல் மூன்றாம் பிழை. தொடர் சிகிச்சைச் சீட்டில் 'முழங்கால் வலி' என்று மட்டும் இருந்தால், அது வயது முதிர்வால் வந்த வலி என்று வாதிடுவது எளிது.

ஏற்கெனவே உள்ள நோயை முதன்மை இடத்தில் எழுதுதல் நான்காம் பிழை. ஓட்டுநருக்குச் சர்க்கரை நோய் இருந்தால் அதுவும் பதியப்பட வேண்டியதே. ஆனால் அவர் சேர்க்கப்பட்டது முறிவுக்காக என்பது மறையலாகாது.

உண்மைக்கு மாறாகக் குறியிடுதல் ஐந்தாம் பிழை. இது குற்றமும் ஆகும். கூடுதல் தொகை வரும் என்று கருதி, இல்லாத நோயை எழுதச் சொல்லுதல் உண்மையான கோரிக்கையையும் அழித்துவிடும். குறியீட்டை நோயாளியோ தரகரோ தேர்ந்தெடுப்பதில்லை. மருத்துவரின் குறிப்பிலிருந்தே அது பிறக்க வேண்டும்.

குடும்பத்தார் செய்யத்தக்கவை

மருத்துவமனையிலிருந்து வெளியேறும் நாளில் டிஸ்சார்ஜ் சம்மரியை அங்கேயே நின்று வாசிக்க வேண்டும். விபத்தின் நாள், நேரம், இடம், வாகன வகை, ஓட்டுநர் என்னும் சொல், எந்தப் பக்கத்து உறுப்பு, பொருத்திய உலோகத்தின் விவரம், அடுத்த பரிசோதனை நாள் ஆகிய எட்டும் அதில் உள்ளனவா என்று பார்க்க வேண்டும். சம்மரி மராத்தியிலோ ஆங்கிலத்திலோ இருப்பின், வாசிக்கத் தெரிந்த ஒருவரை உடன் வைத்துக்கொள்வது நலம். திருத்தம் தேவையெனில் அன்றே கேட்பது எளிது. ஊர் திரும்பிய பின் 1,000 கிலோமீட்டருக்கு அப்பாலிருந்து கேட்பது அரிது.

ஊரில் சந்திக்கும் மருத்துவரிடம் பழைய சம்மரியின் நகலைக் கொடுத்து, 'இன்ன நாளில் நேர்ந்த சாலை விபத்தின் தொடர் சிகிச்சை' என்ற வரியைச் சீட்டில் எழுதுமாறு பணிவுடன் வேண்டலாம். அது உண்மையாதலால் எந்த மருத்துவரும் தயங்க மாட்டார். பதினான்கு இலக்க ஆபா எண் பெற்றிருந்தால், அத்திட்டத்தில் இணைந்த மருத்துவமனைகள் தரும் பதிவுகளை ஒரே இடத்தில் திரட்டி வைக்கலாம். பேருந்துக் கட்டணம், மருந்துச் சீட்டு, முடநீக்குப் பயிற்சிக் கட்டணம் ஆகியவற்றின் இரசீதுகளை நாள் வரிசையில் ஒரு கோப்பில் சேர்த்து வைத்தல் வேண்டும்.

வங்கியையும் மறவாதீர்கள். வாகனக் கடனோ வீட்டுக் கடனோ இருப்பின், தவணை 90 நாள்களுக்கு மேல் நிலுவையானால் அக்கணக்கு வாராக்கடன் வகைக்குச் செல்லும். தொடை எலும்பு முறிவு குணமாகிக் கனரக வாகனம் ஓட்டும் நிலைக்கு வர அதனினும் நீண்ட காலம் ஆகலாம். எனவே முதல் தவணை தவறுவதற்கு முன்பே கிளை மேலாளரைச் சந்தித்து, டிஸ்சார்ஜ் சம்மரியையும் தொடர் சிகிச்சைச் சீட்டையும் காட்டி, தவணையை மாற்றியமைக்க வழியுண்டா என்று கேட்பது அறிவுடைமை. இழப்பீட்டுத் தொகை பெருந்தொகையாக வருமிடத்து, அதனை மாதந்தோறும் பெறும் வகையில் வைப்பாக வைக்கும் ஏற்பாட்டையும் பல வங்கிகள் நடத்துகின்றன.

பயிற்சி

1. லாரி ஓட்டுநர் ஒருவர் வளைவில் எதன்மீதும் மோதாமல் வண்டி கவிழ்ந்து காயமுற்றார். பொதுச்சாலை. உலகப் பதிப்பில் காரணக் குறியீடு யாது?

2. அமெரிக்கப் பதிப்பில், முறிவு வழக்கம்போல் கூடி வரும் காலத்தில் நடக்கும் எக்ஸ்ரே பரிசோதனைக்கு ஏழாம் எழுத்து ஏவா, டியா?

3. எட்டாம் மாதத்தில் காணப்படும் மூட்டு விறைப்பை, பின்விளைவு என்று மருத்துவர் குறிப்பிடாத நிலையில், உலகப் பதிப்பின் ஓராண்டு வரையறையைக் கொண்டு டி 93.1 என எழுதலாமா?

4. விபத்துக்குப் பின் 75-ஆம் நாள் செய்த பரிசோதனைச் செலவை ஆரோக்கிய சஞ்சீவனியில் கோரலாமா? ஓட்டுநர் பத்தாம் நாள் மருத்துவமனையிலிருந்து வெளியேறினார்.

விடைகள்: முதலாவதற்கு வி 68.5. இரண்டாவதற்கு டி. மூன்றாவதற்கு, எழுதலாகாது, ஓராண்டு நிறையவில்லை, மருத்துவரும் அவ்வாறு கூறவில்லை. நான்காவதற்கு, வெளியேறிய நாளிலிருந்து 65 நாள்கள் ஆகிவிட்டமையால் காப்பீட்டில் கோர இயலாது. ஆயினும் இரசீதை எறிந்துவிடலாகாது. தீர்ப்பாயத்தில் மருத்துவச் செலவு என்ற தலைப்பின்கீழ் அதே இரசீது பயன்படும்.